ஆரஞ்சே இல்லாமல் பிறந்த ஃபாண்டா

ஃபாண்டா என்றதும் கண்ணில் நிற்பது அந்த ஆரஞ்சு நிறம்தான். ஆனால் 1940இல் அந்தப் பெயர் முதன்முதலாகப் புட்டியில் ஏறியபோது உள்ளே ஆரஞ்சு நிறமும் இல்லை, ஆரஞ்சு ருசியும் இல்லை. சீஸ் ஆலையில் வடிந்த தண்ணீரும் ஆப்பிள் பிழிந்த சக்கையும்தான் முதல் ஃபாண்டா. ஆரஞ்சு வந்து சேர்ந்தது பதினைந்து ஆண்டு கழித்து, வேறொரு நாட்டில், வேறு ஆட்கள் கையால். இந்தப் பானத்துக்கு மூலச் செய்முறை என்று ஒன்று எந்தக் காலத்திலும் இருந்ததில்லை என்பதே என் கட்சி. ஆலைக்கு எது கிடைத்ததோ, சட்டம் எதை விட்டதோ, புட்டிக்குள் எது பிரியாமல் நின்றதோ, அதுவே அந்தந்தக் காலத்து ஃபாண்டா. அதனால் இதன் வரலாற்றை விளம்பரங்களில் தேடுவதைவிட, உள்ளே போன சரக்குகளில் தேடுவதே நல்லது.

ஜெர்மனியில் கோகோ கோலா 1929இல் எஸ்ஸன் நகரில் காலூன்றியது. அதை நடத்திவந்த அமெரிக்கர் ரே பவர்ஸ் 1938இல் இறந்தபின், மாக்ஸ் கைட் என்ற ஜெர்மானியர் பொறுப்பேற்றார். 1939இல் அந்த நாட்டில் ஏறக்குறைய 45 லட்சம் பெட்டிகள் விற்றன. தண்ணீர், சர்க்கரை, கேஸ், புட்டி எல்லாம் உள்ளூரிலேயே கிடைத்துவிடும். ருசிக்குக் காரணமான கலவை மட்டும் அமெரிக்காவில் தலைமையகம் இருந்த அட்லாண்டாவிலிருந்து வர வேண்டும். 1939 செப்டம்பரில் போர் மூண்டதும் பிரிட்டிஷ் கடற்படை ஜெர்மனிக்குப் போகும் சரக்குகளைத் தடுக்கத் தொடங்கியது. கையிருப்பில் இருந்த கலவையைக் கைட் பங்கிட்டுப் பங்கிட்டுச் செலவழித்தார். ஆனால் அது தீரும் நாள் கண்ணுக்குத் தெரிந்தது. ஆலைகளும் ஆட்களும் இருக்கிறார்கள், நிரப்புவதற்குத்தான் ஒன்றுமில்லை என்ற நிலை.

புதுப் பானம் ஒன்றைச் செய்யும் வேலை நிறுவனத்தின் தலைமை வேதியியலாளர் ஷெட்டெலிக்கிடம் போனது. நிபந்தனை ஒன்றுதான்: போர்க்கால ஜெர்மனிக்குள் கிடைக்கிற, வேறு யாரும் பங்குக்கு வராத பொருளில் செய்ய வேண்டும். சீஸ் செய்யும்போது பாலைத் திரிக்கப் பிரியும் வே நீர் அப்படிப்பட்டது. ஆப்பிள் சைடர் ஆலைகள் பிழிந்துபோட்ட சக்கையும் அப்படியே. இவற்றோடு அந்த வாரம் சந்தைக்கு என்ன பழம் வந்ததோ அதன் மிச்சம். மஞ்சளும் பழுப்புமான ஒரு பானம் வந்தது. பெயர் வைக்க ஆட்களைக் கூட்டிக் கற்பனையை அவிழ்த்துவிடுங்கள் என்று கைட் சொல்ல, கற்பனைக்கான ஜெர்மன் சொல்லையே சுருக்கி ‘ஃபாண்டா’ என்றார் விற்பனையாளர் ஜோ க்னிப்.

இந்தக் கதையைச் சொல்பவர்கள் பெரும்பாலும் பெயரோடு நின்றுவிடுகிறார்கள். எனக்கு வே நீர்தான் பெரிய விஷயம். அதில் குளிர்பானம் செய்வது அத்தனை லேசான வேலையல்ல.

வே நீரில் 4.5 முதல் 5 விழுக்காடு லாக்டோஸ், ஒரு விழுக்காட்டுக்கும் குறைவான புரதம், கொஞ்சம் உப்புகள் இருக்கும். லாக்டோஸும் சர்க்கரைதான், ஆனால் இனிப்பு சாதாரணச் சர்க்கரையின் ஐந்தில் ஒரு பங்கு தேறினால் அதிகம். அது நாக்கில் கனம் தரும், தித்திப்பு தராது. புரதம் இன்னும் பெரிய தொல்லை. 70 டிகிரி செல்சியஸைத் தாண்டிக் காய்ச்சினால் அது குலைந்து திரியும். காய்ச்சாவிட்டால் பானம் சீக்கிரம் கெடும். ஆகவே முதலில் வேண்டுமென்றே சூடேற்றி, புரதத்தைத் திரளவிட்டு, வடிகட்டி எறிந்துவிட்டு, தெளிந்த நீரை மட்டும் எடுக்க வேண்டும். இந்தப் படியில் சோம்பினால் சில நாளில் புட்டியின் அடியில் வெள்ளைப் படிவு உட்காரும். தெளிந்தபிறகும் வே நீரில் இலேசான பச்சை கலந்த மஞ்சள் இருக்கும். அதிலுள்ள ரிபோஃபிளாவின் என்ற வைட்டமின் தரும் நிறம் அது. ஆப்பிள் சக்கை புளிப்புக்கு மாலிக் அமிலமும், சற்றே கெட்டித்தன்மைக்குப் பெக்டின் என்ற பழப்பசையும் தரும். நறுக்கிய ஆப்பிள் காற்றுப்பட்டுக் கறுப்பது போலவே சக்கைச் சாறும் பழுப்பாகும். முதல் ஃபாண்டாவின் மஞ்சள் பழுப்பு நிறத்துக்குச் சாயம் தேவைப்பட்டிருக்காது.

வே நீரில் நல்ல பானம் செய்ய முடியும் என்பதில் சந்தேகம் வேண்டாம். 1952இல் சுவிட்சர்லாந்தில் வந்த ரிவெல்லா இன்றும் 35 விழுக்காடு பால் தெளிநீரில்தான் செய்யப்படுகிறது.

இனிப்புக்கு முதலில் சாக்கரின் போட்டார்கள். சர்க்கரையைவிடப் பல நூறு மடங்கு தித்திக்கும். ஆனால் அளவு கூடினால் உலோகக் கசப்பு நாக்கில் தங்கும், அதை மறைக்கக் கொஞ்சமாவது உண்மையான சர்க்கரை வேண்டும். 1941இல் 3.5 விழுக்காடு பீட்ரூட் சர்க்கரை சேர்க்க அனுமதி கிடைத்தது. அதாவது லிட்டருக்கு 35 கிராம். இன்றைய அமெரிக்க ஃபாண்டா 355 மில்லி டின்னில் 44 கிராம், லிட்டருக்கு ஏறக்குறைய 124 கிராம். மூன்றில் ஒரு பங்குகூட இல்லாத அந்தச் சர்க்கரையே பங்கீட்டுக் காலத்தில் பெரிய சலுகை. 1943இல் கிட்டத்தட்ட 30 லட்சம் பெட்டிகள் விற்றன. எல்லாமே குடிக்கப்படவில்லை, சர்க்கரை கிடைக்காத வீடுகளில் சூப்பிலும் குழம்பிலும் இனிப்புக்காக ஊற்றினார்கள்.

ஆம்ஸ்டர்டாம் ஆலையிலும் இதே பெயரில் பானம் வந்தது, ஆனால் அதில் முக்கியப் பொருள் எல்டர்பெர்ரி என்ற சிறு கரும்பழம். பெயர் மட்டும் பயணம் செய்தது, செய்முறை செய்யவில்லை. ஃபாண்டாவின் குணம் இரண்டாம் நாட்டிலேயே வெளிப்பட்டுவிட்டது.

ஃபாண்டாவை நாஜிகள் கண்டுபிடித்தார்கள் என்று இணையத்தில் அடிக்கடி பகிர்கிறார்கள். அது தவறு. அரசு இதைச் செய்யச் சொல்லவில்லை, கைட் அந்தக் கட்சியில் உறுப்பினராகவும் இல்லை. ஆனால் அதோடு நிறுத்திக்கொண்டால் அதுவும் பாதி உண்மைதான். எதிரி நாட்டுச் சொத்துகளைக் கவனிக்கும் அரசு அலுவலகம் வழியாகத்தான் ஜெர்மனியிலும் ஆக்கிரமித்த நாடுகளிலும் உள்ள ஆலைகள் கைட் கைக்கு வந்தன. அந்த ஆட்சியின் தயவில்லாமல் அவர் அத்தனை ஆலைகளை ஓட்டியிருக்க முடியாது. 2015இல் ஜெர்மனியில் 75ஆம் ஆண்டு நிறைவுக்காக வே நீரும் ஆப்பிளும் சேர்த்த ‘கிளாசிக்’ வகையை வெளியிட்டபோது, விளம்பரம் பழைய நல்ல காலத்தைத் திரும்பக் கொண்டுவருவதாகப் பேசியது. எந்தக் காலத்தை என்று மக்கள் கேட்டார்கள். நிறுவனம் விளம்பரத்தைத் திரும்பப் பெற்றது. கேள்வி நியாயமானது.

போர் முடிந்து அட்லாண்டா கலவை மறுபடி வரத் தொடங்கியதும் ஃபாண்டாவுக்கு வேலையில்லாமல் போயிற்று, நிறுத்திவிட்டார்கள்.

நேப்பிள்ஸ், 1955

இத்தாலியின் நேப்பிள்ஸில் எர்மெலீனோ மத்தராட்ஸோ என்ற பிரபுவின் ஸ்னிபெக் நிறுவனம் கோகோ கோலாவுக்குப் புட்டி நிரப்பிவந்தது. 1955 ஏப்ரலில் அங்கேதான் ஆரஞ்சு ஃபாண்டா பிறந்தது. காரணத்தைத் தேடி வெகுதூரம் போக வேண்டாம். தெற்கு இத்தாலி முழுக்கச் சிட்ரஸ் தோப்பு. எஸ்ஸனில் கிடைத்தது சக்கை, நேப்பிள்ஸில் கிடைத்தது ஆரஞ்சு. பிறகு வந்த இத்தாலியச் சட்டமும் இதற்குப் பக்கபலம். 1958ஆம் ஆண்டு ஆணையின்படி ஆரஞ்சு பெயரில் விற்கும் பானத்தில் 12 விழுக்காடு சாறு இருந்தாக வேண்டும். 2018 மார்ச்சிலிருந்து அது 20 விழுக்காடு. இன்று இத்தாலிக்காக அங்கே நிரப்பும் ஃபாண்டாவும் அமெரிக்க ஃபாண்டாவும் பெயரால் மட்டுமே உறவு. அமெரிக்கப் புட்டியில் சாறே கிடையாது.

சாறு சேர்ப்பது விலை சம்பந்தப்பட்டது மட்டும் என்று நினைக்கக் கூடாது. 12 விழுக்காடு சாறு உள்ளே வந்தால் அதோடு நாலு தொல்லைகளும் வரும். ஆரஞ்சுச் சாற்றில் பெக்டினைச் சிதைக்கும் ஒரு நொதி உண்டு. அதைக் கொல்லாமல் விட்டால் பெக்டின் கால்சியத்தோடு சேர்ந்து கட்டியாகி, சாற்றின் கலங்கல் அடியில் படிந்து, மேலே வெறும் தெளிநீர் நிற்கும். கிருமியைக் கொல்ல 70 டிகிரி போதும், இந்த நொதி அதற்கு மசியாது. 90 டிகிரிக்கு மேல் சில வினாடிகளாவது நிறுத்த வேண்டும். இரண்டாவது, சாறு ஈஸ்ட்டுக்கு நல்ல தீனி. வெறும் சர்க்கரைத் தண்ணீரில் பட்டினி கிடக்கும் ஈஸ்ட், சாற்றில் உள்ள நைட்ரஜனைத் தின்று பெருகும். புட்டி உப்பும், சில நேரம் வெடிக்கும். மூன்றாவது, சாற்றோடு வரும் காற்று. ஆக்சிஜனை வெற்றிடத்தில் உறிஞ்சி எடுக்காவிட்டால் வைட்டமின் சி கரையும், நிறம் மங்கும், வாசனை பழசாகும். நான்காவது நுரை. பழத்துகள்கள் கேஸ் குமிழிகளுக்குப் பிடிமானமாவதால் நிரப்பும் இயந்திரத்தில் பொங்கி வழியும். அதனால்தான் ஆரஞ்சுப் பானங்களில் கேஸ் குறைவு. கோலாவில் ஒரு லிட்டர் பானத்துக்கு மூன்றரை முதல் நான்கு லிட்டர் வரை கேஸ் கரைப்பார்கள், ஆரஞ்சில் இரண்டு, இரண்டரையோடு நிறுத்துவார்கள். ஃபாண்டா தொண்டையில் கோலா போலக் கீறாததற்கு இது ஒரு காரணம்.

1960ஐ ஒட்டி ஃபாண்டா அமெரிக்காவுக்குப் போனது. அங்கே கோலாவின் நிழலில் கிடந்து, 1980களில் ஒதுக்கப்பட்டு, 2000களின் தொடக்கத்தில் மறுபடி வந்தது. இந்தியாவிலிருந்து 1977இல் கோகோ கோலா வெளியேறியபோது ஃபாண்டாவும் போயிற்று. இடைக்காலத்தில் ஆரஞ்சுப் புட்டி என்றால் பார்லேயின் கோல்டு ஸ்பாட்தான். 1993இல் திரும்பி வந்த கோகோ கோலா, கோல்டு ஸ்பாட்டையும் பார்லேயிடமிருந்து விலைக்கு வாங்கியது. பிறகு அதைக் கைவிட்டு ஃபாண்டாவை முன்னிறுத்தியது. நல்ல பெயரும் நல்ல ருசியும் இருந்த ஒரு பானத்தை அப்படிச் சாகவிட்டது இன்றும் மனசுக்கு ஒப்பாத காரியம்.

எண்ணெய் மிதக்கும்

சாறு இல்லாத ஆரஞ்சுப் பானத்தில் ருசி எங்கிருந்து வருகிறது? தோலிலிருந்து. ஆரஞ்சுத் தோலை அழுத்தி எடுக்கும் எண்ணெயில் 90 விழுக்காட்டுக்கு மேல் லிமோனீன் என்ற பொருள்; அது தண்ணீரில் கரையாது. தண்ணீரின் அடர்த்தி 1 என்றால் இதனுடையது 0.845 அளவில் இருக்கும். 12 விழுக்காடு சர்க்கரை கரைந்த பானத்தின் அடர்த்தி 1.048. ஆகவே எண்ணெய் மேலேறும், பாலில் ஆடை போல. புட்டியின் கழுத்தைச் சுற்றி ஆரஞ்சு நிறத்தில் ஒரு பட்டை கட்டும். இத்தொழிலில் இதைக் கழுத்து வளையம் என்பார்கள். எல்லா ஆரஞ்சுப் பானங்களின் வரலாறும் இந்த வளையத்தோடு நடத்திய சண்டைதான்.

சண்டைக்கு இரண்டு ஆயுதங்கள். ஒன்று, துளிகளைப் பொடிப்பது. துளி மேலேறும் வேகம் அதன் ஆரத்தின் இருமடிக்கு ஏற்ப இருக்கும். ஆரத்தைப் பாதியாக்கினால் வேகம் கால் பங்காகும். எண்ணெயை அரபுப் பிசின் என்ற மரப்பிசின் கரைசலில் கலக்கி, சின்ன இடுக்கு வழியே தள்ளித் துளிகளை உடைக்கும் ஹோமோஜெனைசர் என்ற இயந்திரத்தில் 200 முதல் 300 பார் அழுத்தத்தில் இரண்டு முறை தள்ளி, துளிகளை ஒரு மைக்ரானுக்குக் கீழே கொண்டுவர வேண்டும். பிசின் ஒவ்வொரு துளியையும் போர்த்தி, ஒன்றோடொன்று சேராமல் காக்கும். எண்ணெய் ஒரு பங்குக்குப் பிசின் ஒன்று முதல் இரண்டு பங்கு வரை பிடிக்கும். பிசினைக் குளிர்ந்த நீரில் நன்றாக ஊறவைத்து, வடிகட்டி, காற்று போனபிறகுதான் எண்ணெயைச் சேர்க்க வேண்டும். ஊறாத பிசினில் அவசரமாகச் செய்த எமல்ஷன், அதாவது எண்ணெய்த் துளிகள் நீரில் மிதக்கும் இந்தக் கலவை, அன்றைக்கு அழகாக இருக்கும், மூன்றாம் வாரம் வளையம் கட்டும். இந்தப் பிசினின் பெரும்பகுதி சூடானிலிருந்து வருகிறது. 1997இல் அமெரிக்கா சூடான்மீது வணிகத் தடை விதித்தபோதும் பிசினுக்கு மட்டும் விலக்கு கிடைத்ததற்குக் குளிர்பானத் தொழில்தான் பெரிய காரணம். பிசின் கிடைக்காத காலத்துக்கென்று மாற்றியமைத்த மாவுச்சத்தும் வந்தது. இப்போது பல ஃபாண்டா புட்டிகளில் அதைக் காணலாம்.

இரண்டாவது ஆயுதம் எண்ணெயின் எடையைக் கூட்டுவது. எண்ணெயில் கரையும் கனமான பொருளைச் சேர்த்து அதன் அடர்த்தியைப் பானத்தின் அடர்த்திக்குப் பக்கத்தில் கொண்டுவந்தால் அது மேலேயும் போகாது, கீழேயும் போகாது. பல்லாண்டுகள் இதற்கு அமெரிக்காவில் பயன்பட்டது புரோமின் ஏற்றிய தாவர எண்ணெய், சுருக்கமாக பிவிஓ. அதன் அடர்த்தி 1.33. கணக்குப் போட்டால் எண்ணெய்க் கலவையில் கன அளவில் 42 விழுக்காடு பிவிஓ சேர்த்தாலே 1.048 வந்துவிடும். பைன் மரப் பிசினிலிருந்து செய்யும் எஸ்டர் கம் அடர்த்தி 1.08தான், அதே வேலைக்கு 86 விழுக்காடு வேண்டும். அவ்வளவு சேர்த்தால் எண்ணெய் கூழாகி ஹோமோஜெனைசரில் பொடியாகாது. ஆகவே பாதிக்குப் பாதி கலந்து, மீதியைச் சிறிய துளிகளை நம்பி விடுவார்கள். சேய்ப் என்று சுருக்கி அழைக்கும் சுக்ரோஸ் எஸ்டர் 1.146, அதற்கு 67 விழுக்காடு. பிவிஓவை விட்டு வெளியேறுவது ஏன் இத்தனை ஆண்டு இழுத்தது என்பதற்கு இந்த மூன்று எண்களே விடை.

ஆனால் விட்டே ஆக வேண்டிய பொருள் அது. புரோமின் உடலில் தங்கும். ஐரோப்பாவிலும் இந்தியாவிலும் ஏற்கெனவே அதற்கு இடமில்லை. 2014இல் கோகோ கோலா ஃபாண்டா உட்படத் தன் அமெரிக்கப் பானங்களிலிருந்து பிவிஓவை நீக்குவதாக அறிவித்து, சேய்ப், எஸ்டர் கம் இரண்டுக்கும் மாறியது. அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் 2024 ஜூலையில்தான் அனுமதியை ரத்துசெய்தது. மாற்றாக வந்தவற்றுக்கும் அங்கே உச்சவரம்பு உண்டு: பானத்தில் எஸ்டர் கம் பத்து லட்சத்தில் 100 பங்கு, சேய்ப் 300 பங்கு.

இங்கே பலரும் கோட்டைவிடும் இடம் ஒன்று இருக்கிறது. சர்க்கரையைக் குறைத்தால் பானத்தின் அடர்த்தி குறையும். பிரிட்டனில் 2018 ஏப்ரலில் குளிர்பானச் சர்க்கரை வரி வந்தது. அப்போது 100 மில்லியில் 5 கிராமைத் தொட்டால் லிட்டருக்கு 18 பென்ஸ். ஃபாண்டா அதற்கு முன்பே 4.6 கிராமுக்கு இறங்கிவிட்டது. அந்தச் செறிவில் அடர்த்தி 1.017தான். முழுச் சர்க்கரைக்கென்று எடைகட்டிய எமல்ஷனை அப்படியே இதில் ஊற்றினால், துளிகள் இப்போது மேலே போகாமல் கீழே இறங்கி அடியில் படியலாம். சர்க்கரையே இல்லாத வகைக்கு இன்னொரு கணக்கு. இனிப்பை மாற்றினால் எமல்ஷனையும் மாற்ற வேண்டும். ருசிக் குழு ஒப்புக்கொண்டது என்று மட்டும் நம்பிப் புட்டியில் அடைத்தால் ஒரு மாதத்தில் சரக்கு திரும்பி வரும்.

நிறமும், பானம் கெடாமல் காக்கும் பொருளான காப்பானும் தனித்தனி முடிவுகள் அல்ல. மஞ்சள் சாயமான சன்செட் எல்லோ மலிவு, தண்ணீரில் கரையும், ஆனால் வைட்டமின் சி சேர்த்தால் வெளுத்துவிடும். பீட்டா கரோட்டின் நேர்மாறு: எண்ணெயில்தான் கரையும், காற்றில் வெளுக்கும், வைட்டமின் சி இருந்தால் தாங்கும். ஐரோப்பாவில் 2010 ஜூலை முதல் சன்செட் எல்லோ சேர்த்த உணவில் குழந்தைகளின் கவனத்தைப் பாதிக்கலாம் என்ற எச்சரிக்கையை அச்சிட வேண்டும். அங்கே ஃபாண்டா கரோட்டினுக்குப் போயிற்று. ஆனால் கரோட்டினைக் காக்க வைட்டமின் சி போட்டால், சோடியம் பென்சோயேட் என்ற காப்பானோடு அது சேர்ந்து, வெயிலும் சூடும் பட்டு, புற்றுநோய் தரக்கூடிய பென்சீன் இம்மியளவு உண்டாகலாம். அதனால் இரண்டையும் ஒரே புட்டியில் வைக்கக் கூடாது. வைத்தே ஆக வேண்டுமென்றால் இந்த வினையைத் தூண்டும் இரும்பு, செம்பு அணுக்களைக் கட்டிப்போடும் பொருளும் கூடவே வேண்டும். முன்பு ஜெர்மனியில் ஃபாண்டாவுக்கு இருந்த, வளையம் வளையமாக வரி ஓடிய பழுப்புக் கண்ணாடிப் புட்டி, வெளிச்சத்தைத் தடுத்து இந்தத் தொல்லையில் பாதியைத் தானே பார்த்துக்கொண்டது. தெளிந்த பிளாஸ்டிக் அதைச் செய்யாது.

பென்சோயேட் போடும் வரிசையும் முக்கியம். முதலில் அதைத் தண்ணீரில் முழுதாகக் கரைத்து, சர்க்கரைப் பாகில் கலந்து, கடைசியில்தான் சிட்ரிக் அமிலம். அமிலத்தை முதலில் போட்டால் பென்சோயிக் அமிலம் வெண்பொடியாகப் பிரிந்து தொட்டியடியில் தங்கும். புட்டிக்குள் காப்பானே போகாது. எவ்வளவு போடலாம் என்பதும் நாட்டுக்கு நாடு வேறு. நைஜீரியாவில் லிட்டருக்கு 250 மில்லிகிராம் வரை அனுமதி, ஐரோப்பாவில் 150. 2007இல் லாகோஸிலிருந்து பிரிட்டனுக்கு ஏற்றிய ஃபாண்டா அங்கே நிராகரிக்கப்பட்டு, விவகாரம் லாகோஸ் உயர் நீதிமன்றம்வரை போய், 2017இல் தீர்ப்பு வந்தது. வெப்ப நாட்டில் ஈஸ்ட் வேகமாக வளரும், அதிகக் காப்பான் வேண்டும் என்ற வாதத்தில் வேதியியல் இருக்கிறது. ஆனால் அந்த அளவை மக்களுக்கு வெளிப்படையாகச் சொல்ல வேண்டிய கடமையும் நிறுவனங்களுக்கு இருக்கிறது.

புட்டியைக் கையில் எடுத்தால் இவ்வளவையும் சரிபார்க்கலாம். இந்தியாவில் கேஸ் ஏற்றிய பழப்பானம் என்று எழுத 10 விழுக்காடு பழச்சாறு வேண்டும், எலுமிச்சை வகை என்றால் 5. அந்தச் சொல் லேபிளில் இருக்கிறதா என்று பாருங்கள். பொருள் பட்டியலில் சாறு சர்க்கரைக்கு எத்தனை இடம் பின்னால் நிற்கிறது என்று பாருங்கள். பிறகு வெளிச்சத்தில் பிடித்துக் கழுத்தையும் அடியையும் பார்க்க வேண்டும். கழுத்தில் வளையம் தெரிந்தால் புட்டியைக் குலுக்காமல் மெதுவாக ஒருமுறை கவிழ்த்து நிமிர்த்துங்கள். கலைந்து, திறக்கும்வரை திரும்ப வராவிட்டால் வெகுநாள் அசையாமல் நின்ற சரக்கு, குடிக்கலாம். அரை மணியில் அதே வளையம் மறுபடி கட்டினால் எமல்ஷன் உடைந்துவிட்டது. அந்த எண்ணெய் காற்றுபட்டுப் பழசாகி டர்பன்டைன் வாடை அடிக்கும். வளையம் எப்படியிருந்தாலும், மூடி உப்பியிருந்தால் திறக்காமல் திருப்பிக் கொடுத்துவிடுங்கள். உள்ளே ஈஸ்ட் வேலை செய்துகொண்டிருக்கிறது.